கல்யாண நிறத்தோடு ஒட்டாத உடை: சொந்தக்காரர்களிடம் செய்யக்கூடாத தவறுகள்

மேடை அலங்காரம், பூக்கள், அழைப்பிதழ் என்று எல்லாவற்றுக்கும் நிறம் முடிவாகியிருக்கும். எல்லாம் வெளிறிய இளஞ்சிவப்பும் கிரீமும்தான். அந்த நேரம் பார்த்து சித்தியிடமிருந்து ஒரு படம் வரும்: "கல்யாணத்துக்கு இதைத்தான் எடுத்திருக்கேன், எப்படி இருக்கு?" படத்தில் இருப்பது பளீரென்ற ஆரஞ்சு.

பதறிப்போய் உடனே பதில் அனுப்பாதீர்கள். படத்தில் தெரியும் நிறம்தான் துணியின் நிறம் என்று நம்பிவிடுவது நிறைய வீடுகளில் நடக்கும் தவறு. ஒளியின் நிறத்தைக் கெல்வின் என்ற அலகில் சொல்வார்கள், எண் குறையக் குறைய மஞ்சள் கூடும். வீட்டு மஞ்சள் பல்பின் ஒளி சுமார் 2700 முதல் 3000 கெல்வின் வரை இருக்கும். பகல் வெளிச்சம் 5500 கெல்வினை ஒட்டி இருக்கும். பல்பு வெளிச்சத்தில் எடுத்த படத்தில் சாதாரண பீச் நிறம்கூட ஆரஞ்சாகத் தெரியலாம். போன் கேமரா தன் கணக்குக்கு நிறத்தைத் திருத்தும், பார்க்கிறவரின் திரை இன்னும் கொஞ்சம் மாற்றும். அதனால், பகலில் ஜன்னல் ஓரமாகத் துணியை விரித்து, பக்கத்தில் ஒரு வெள்ளைத்தாளை வைத்து இன்னொரு படம் எடுத்து அனுப்பச் சொல்லுங்கள். படத்தில் தாள் மஞ்சளாகத் தெரிந்தால் துணியின் நிறமும் அந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று அர்த்தம். பாதிப் பிரச்சினை இதிலேயே தீர்ந்துவிடும்.

கடையில் இரண்டு துணிகளை ஒட்டிவைத்துப் பார்த்து "அப்படியே பொருந்துது" என்று வாங்கி வருவதிலும் இதே சிக்கல் உண்டு. வெவ்வேறு சாயம் ஏறிய இரண்டு துணிகள் ஒரு விளக்கின் கீழ் ஒரே நிறமாகவும் வெயிலில் வேறு வேறாகவும் தெரியும். மெட்டாமெரிசம் என்பார்கள். கல்யாணம் பகலிலா, இரவு விளக்கிலா என்பதைப் பொறுத்து அதே வெளிச்சத்தில் பார்த்து வாங்குவதுதான் சரி.

நிறத்தின் பெயரை மட்டும் சொல்லிவிடுவது

சண்டையின் வேர் பெரும்பாலும் இங்கேதான். "எல்லாரும் பச்சை" என்று சொன்னால் ஒருவர் கிளிப்பச்சையில் வருவார், ஒருவர் பாசிப்பச்சையில் வருவார், இன்னொருவர் கிட்டத்தட்ட நீலத்தில் வருவார். அவர்கள் யாரும் சொன்னதை மீறவில்லை. போதாததற்கு, ஆண்களில் கணிசமானவர்களுக்குச் சிவப்புக்கும் பச்சைக்கும் உள்ள வேறுபாடு சரியாகத் தெரியாது. பெண்களிடம் இது மிகவும் அரிது. மாமாவோ அண்ணனோ தவறான நிறத்தில் வந்து நின்றால், அது அலட்சியமாகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை.

உள்ளங்கை அளவு துணித்துண்டு ஒன்றைக் கையில் கொடுத்துவிடுங்கள். முடியாவிட்டால் அதே நிற நூல் போதும். ஒரே ஒரு நிறத்தைக் கட்டாயமாக்காமல், சேரக்கூடிய நாலைந்து நிறங்களைச் சொல்லி, தவிர்க்க வேண்டிய ஒன்றிரண்டையும் சொல்லுங்கள். எல்லோருக்கும் அச்சு அசலாக ஒரே நிறம் வேண்டும் என்று பிடிவாதம் பிடிப்பது எனக்கு உடன்பாடில்லை. ஒவ்வொரு சாய முறைக்கும் நிறம் கொஞ்சம் விலகும். பட்டு மினுங்கும், பருத்தி மங்கலாக நிற்கும். கிட்டத்தட்ட ஒத்து, முழுசாக ஒத்துப்போகாத இரண்டு உடைகள் பக்கத்தில் நின்றால் பிசகு மாதிரிதான் தெரியும். ஒன்று நன்றாகவே அடர்த்தியாகவும் மற்றது வெளிறியும் இருந்தால் திட்டமிட்டுச் செய்தது போல் அழகாக இருக்கும்.

இன்னொன்று: கண்ணை உறுத்துவது பல நேரம் நிறத்தைவிட அதன் பளபளப்பும் அடர்த்தியும்தான். வெளிறிய நிறங்களுக்கு நடுவே பளீரென்று ஒன்று இருந்தால் பார்வை நேரே அங்கேதான் போகும். அதே ஆரஞ்சு கொஞ்சம் மங்கி, செங்கல் நிறமாக இருந்தால் இளஞ்சிவப்போடு நன்றாகவே சேரும். ஆகவே "அந்த உடையே வேண்டாம்" என்று ஆரம்பிக்கத் தேவையில்லை. மேலே ஒரு கிரீம் நிறத் துப்பட்டாவோ சால்வையோ போட்டாலே பளீர் பாதியாகக் குறைந்துவிடும்.

குடும்பக் குரூப்பில் சொல்வது

இதை மட்டும் செய்யவே செய்யாதீர்கள். பத்துப் பேர் பார்க்கும் இடத்தில் "இந்தக் கலர் செட் ஆகாது" என்று எழுதினால், துணியைப் பற்றிச் சொன்னது ரசனையைப் பற்றிச் சொன்னதாகத்தான் போய்ச் சேரும். இன்னொருவர் மூலம் சொல்லி அனுப்புவதும் அப்படித்தான். அது போய்ச் சேருவதற்குள் வேறு வார்த்தையாகிவிடும். உங்கள் பக்கத்துச் சொந்தத்திடம் நீங்களே பேசுங்கள், துணையின் பக்கத்துச் சொந்தத்திடம் அவர் பேசட்டும். போனில், தனியாக, சீக்கிரமாக. இப்படிச் சொல்லிப் பாருங்கள்:

"உடை நல்லாத்தான் இருக்கு சித்தி. மேடை முழுக்க வெளிர் நிறமா வெச்சிருக்கோம், போட்டோல எங்க பக்கத்துல நீங்க நிக்கறப்ப உங்க உடை மட்டும் தனியாத் தெரியும். அதை முந்தின நாள் விருந்துக்குப் போட்டுக்கறீங்களா? கல்யாணத்துக்கு நாம சேர்ந்து ஒண்ணு பார்க்கலாம்."

காரணம், மாற்று வழி, கூட இருக்கிறோம் என்ற நம்பிக்கை எல்லாம் இதில் இருக்கிறது. பொய் சொல்லித் தப்பிக்கப் பார்க்காதீர்கள். "அதே நிறத்துல வேற யாரோ எடுத்துட்டாங்க" என்று சொல்லிவைத்தால், கல்யாணத்தன்று அது தானாக வெளியே வரும்.

சொல்வதற்கு முன் ஏன் அந்த உடை என்று கேட்டுவிடுவது நல்லது. மகளின் முதல் சம்பளத்தில் வந்ததாக இருக்கலாம். அவர் அளவுக்குக் கடையில் அது ஒன்றுதான் கிடைத்திருக்கலாம். வேறு துணி தோலுக்கு ஒத்துக்கொள்ளாமல் இருக்கலாம். துக்கத்தில் இருப்பவர் மங்கலான நிறத்தைத்தான் தேர்ந்தெடுப்பார். இதில் எதுவாக இருந்தாலும் விட்டுவிடுங்கள், நிறம் கொஞ்சம் கெடட்டும். பணம்தான் காரணம் என்றால், வாங்கியபின் மாற்றச் சொல்கிறவர்தான் செலவை ஏற்க வேண்டும்; அதையும் மற்றவர் காதில் விழாமல் செய்ய வேண்டும்.

எல்லோரையும் ஒரே தராசில் வைப்பதும் வீண் வேலை. மணமக்களின் பெற்றோர், கூடப்பிறந்தவர்கள், மேடையில் பக்கத்தில் நிற்பவர்கள், இவர்களோடு பேசினால் போதும். இரண்டு பக்கத்து அம்மாக்களும் வாங்குவதற்கு முன்பே ஒருவர் துணியை மற்றவர் பார்த்துவிடட்டும். மணப்பெண்ணின் உடை நிறத்தையே ஒருவர் எடுத்திருந்தால் மட்டும் சுற்றி வளைக்காமல் நேராகச் சொல்லிவிடலாம். இருக்கையில் உட்கார்ந்திருக்கும் தூரத்துச் சொந்தம் என்ன நிறத்தில் வந்தால் என்ன?

கல்யாணத்தன்று

தைத்து முடித்த உடையைப் பற்றி அதன்பின் பேசக்கூடாது. அன்று காலை "அட, இதையா போட்டுட்டு வந்தீங்க" என்ற ஒரு முகச்சுளிப்புகூட வேண்டாம். அன்றைக்குச் செய்ய வேண்டியதெல்லாம் புகைப்படக்காரரோடுதான். பளீர் நிற உடைக்காரரை முக்கியமான குழுப்படங்களில் ஓரமாகவோ இரண்டாம் வரிசையிலோ நிறுத்தச் சொல்லுங்கள். இடையில் கிரீம், சாம்பல் நிறத்தில் ஒருவர் நிற்கட்டும். கண்ணைப் பறிக்கும் நிறத்தில் பட்ட வெளிச்சம் பக்கத்தில் இருப்பவரின் முகத்திலும் வெள்ளைத் துணியிலும் அந்தச் சாயலை அடிக்கும், அதனால் மணமக்களோடு ஒட்டி நிற்காமல் கொஞ்சம் இடைவெளி இருந்தால் நல்லது. யாரை எங்கே நிறுத்துவது என்பதை முன்கூட்டியே புகைப்படக்காரரிடம் சொல்லிவைத்துவிட்டால், மேடையில் வைத்து யாரையும் நகர்த்த வேண்டியிருக்காது.

"அப்புறம் எடிட் பண்ணிக்கலாம்" என்பதை நம்பி இருந்துவிடாதீர்கள். ஒரு படத்தில் ஒருவர் உடையின் நிறத்தை மட்டும் மாற்றுவது முடிகிற காரியம். நூற்றுக்கணக்கான படங்களில் அதைச் செய்வது பெரிய வேலை. ஒன்றிரண்டு படங்களைக் கறுப்பு வெள்ளையில் அச்சிட்டால் அந்தத் தொல்லையே இல்லை. நிறம் மாற்றிய படத்தைத்தான் ஆல்பத்தில் வைக்கப்போகிறீர்கள் என்றால் உடைக்குரியவரிடம் முதலில் கேட்டுவிடுங்கள். அவர் வேண்டாம் என்றால் எடுத்தது எடுத்தபடியே போகட்டும்.