டிரான்ஸ்ஃபர் ஆர்டர் வந்தா கேஸுக்கு முன்னாடி மனுவ ஒழுங்கா எழுதுங்க

கேரளாவுல மூணாறு, பீர்மேடு, சித்தூர் பக்கம் கவர்மெண்ட் வேலைல இருக்கற நம்ம ஆளுங்களுக்காக இத எழுதறேன். ஆர்டர் வந்த அன்னைக்கு ராத்திரியே போன் பண்ணி "ஸ்டே வாங்கிடலாமா டீச்சர்"னு கேக்கறாங்க. வாங்கலாம், ஆனா ரிலீவ் ஆகறதுக்குள்ள, அதாவது பழைய எடத்துலேருந்து நம்மள விடுவிக்கறதுக்குள்ள ஓடணும்.

எனக்கு ஆர்டர் வந்தது ஒரு திங்கக்கிழமை. டிபார்ட்மெண்டுக்கு குடுக்கற மனுவ எழுதி எழுதி கிழிச்சிட்டே இருந்தேன், புதன்கிழமை சாப்பாட்டு டப்பாவ மூடக்கூட இல்ல, பியூன் ரிலீவிங் பேப்பர நீட்டி "கையெழுத்து போட்டு நேரமும் எழுதிருங்க"ன்னார், 1.40னு எழுதினேன். வக்கீல் மொதல்ல விரல் வச்சு காட்டினது அந்த 1.40தான். ரிலீவ் ஆகி, நம்ம சீட்ல வேற ஒருத்தர் ஜாயினும் பண்ணிட்டா ஸ்டே கிடைக்கறது ரொம்ப கஷ்டம்.

அடுத்தது காரணம். அம்மாவுக்கு டயாலிசிஸ், புள்ள பத்தாவது, இதெல்லாம் உண்மையான கஷ்டம்தான், ஆனா கோர்ட்டு இத டிபார்ட்மெண்ட் பாத்துக்கட்டும்னு விட்டுரும், டிரான்ஸ்ஃபர் வேலையோட ஒரு பகுதின்னு சுப்ரீம் கோர்ட்டு திரும்பத் திரும்ப சொல்லியாச்சு. 1993 அப்பாஸ் கேஸ்ல, டிரான்ஸ்ஃபர் கைட்லைன மீறினது மட்டுமே ஆர்டர ரத்து பண்ண போதாதுன்னும் சொல்லிட்டாங்க. அதனால ஆர்டர் போட்டவருக்கு அதிகாரம் இருக்கா, சட்டபூர்வ ரூல் ஏதாவது மீறப்பட்டிருக்கா, உள்நோக்கம் இருக்கா, தண்டனைக்கு பதிலா தூக்கி அடிச்சிருக்காங்களா, இத பாருங்க. சோமேஷ் திவாரி கேஸ்ல பேரில்லாத புகார் ஒண்ணு வந்து, விசாரணைல அது நிரூபணமாகல, ஆனாலும் அந்த புகார வச்சே மாத்தினாங்க, சுப்ரீம் கோர்ட்டு அது செல்லாதுன்னுருச்சு. உள்நோக்கம்னு சொன்னா தேதியோட சொல்லணும், அந்த ஆபீசரயும் பேர் போட்டு எதிர்தரப்பா சேக்கணும், சும்மா "பழிவாங்கிட்டாங்க"ன்னு எழுதினா நிக்காது.

தமிழ் மீடியம் டீச்சர்ஸ் ஒண்ணு மறக்காதீங்க. நம்ம போஸ்டுக்கு கேரளா பிஎஸ்சி (அரசுப் பணியாளர் தேர்வாணையம்) தனியாவே ஆள் எடுக்குது, அப்பாயின்ட்மெண்ட் ஆர்டர்லயே தமிழ் மீடியம்னு இருக்கும், மலையாள மீடியம் ஸ்கூலுக்கு போட்டா அந்த பேப்பர முன்னாடி வைங்க. சின்னப் புள்ளைங்களுக்கு தாய்மொழில படிக்க வசதி பண்ணணும்னு அரசியலமைப்பு 350ஏ சொல்லுது, நீங்க போயிட்டா அந்த கிளாஸுக்கு யாருன்னும் கேளுங்க.

இதெல்லாம் டிபார்ட்மெண்டுக்கு குடுக்கற மனுல இருக்கணும். ஏன் இவ்ளோ அழுத்தி சொல்றேன்னா, நிறைய கேஸ்ல டிரிப்யூனல் (அரசு ஊழியர் வழக்க பாக்கற தீர்ப்பாயம்) நேரா ஆர்டர ரத்து பண்ணாம, டிபார்ட்மெண்டுகிட்ட "இவங்க மனுவ பரிசீலிச்சு முடிவு சொல்லு"ன்னுதான் சொல்லும். எனக்கும் அப்படித்தான் ஆச்சு, ஆனா நான் குடுத்திருந்தது அரை பக்கம், முழுக்க அம்மாவோட உடம்பு பத்தி மட்டும், டிபார்ட்மெண்ட்ல ரெண்டே வரில தள்ளுபடி பண்ணிட்டாங்க. இன்னைக்கும் மனசு ஆறல. அரசியலமைப்பு 350வது பிரிவுப்படி தமிழ்லயே மனு குடுக்கலாம், உரிமை இருக்கு, ஆனா இங்கிலீஷ் காப்பியும் சேத்து வைங்க, கேஸுக்கு உதவும். சீல், தேதியோட ரசீது வாங்காம வராதீங்க. சீனியாரிட்டி லிஸ்ட்டுக்கு 10 ரூபா ஃபீஸ் கட்டி ஆர்டிஐ (தகவல் உரிமை மனு) போடுங்க, பதிலுக்கு 30 நாள் வரைக்கும் ஆகலாம், அதுக்காக கேஸ தள்ளிப்போடாதீங்க.

கேரளா கவர்மெண்ட் ஊழியர்னா கேரளா அட்மினிஸ்ட்ரேட்டிவ் டிரிப்யூனல், திருவனந்தபுரத்துலயும் எர்ணாகுளத்துலயும் இருக்கு. எய்டட் ஸ்கூல்னா (அரசு உதவி பெறும் பள்ளி) ஐகோர்ட்டு. போஸ்டாபீஸ், ரயில்வேன்னா எர்ணாகுளம் சிஏடி (மத்திய அரசு ஊழியருக்கான டிரிப்யூனல்), அங்க ஃபீஸ் 50 ரூபா, வக்கீல் செலவு தனி. கம்பம், போடில வேலை பாக்கற தமிழ்நாடு கவர்மெண்ட் சொந்தக்காரங்களுக்கு டிரிப்யூனல் இப்ப இல்ல, ஐகோர்ட்டு மதுரை பெஞ்ச்ல ரிட் மனு போடணும்.

ஸ்டே கிடைக்கலன்னா வீட்ல உக்காந்துடாதீங்க, கெஞ்சி கேக்கறேன். சூரத்துலேருந்து உகாய்க்கு மாத்தின ஒரு குஜராத் மின்வாரிய ஊழியர் ஜாயின் பண்ணாம இருந்து வேலையே போச்சு, 1989ல சுப்ரீம் கோர்ட்டும் அது சரின்னுருச்சு. போய் ஜாயின் பண்ணுங்க, ஜாயினிங் ரிப்போர்ட்ல "வழக்கின் முடிவுக்கு உட்பட்டு பணியில் சேர்கிறேன்"னு ஒரு வரி எழுதி, சீல் போட்ட காப்பி ஒண்ணு வாங்கி பையில வச்சுக்கோங்க.