பூசான் சந்தைகளை வழிகாட்டியோடு சுற்றிப் பார்ப்பது எப்படி?

முதல் தடவை ஜகல்ச்சி மீன் சந்தைக்குத் தனியாகத்தான் போனேன். தொட்டியில் கிடந்த தட்டை மீன் ஒன்றைக் காட்டினேன். கடைக்கார அம்மா வலையில் அள்ளி விலை சொன்னார், கொடுத்தேன். மாடிக்குப் போகச் சொல்லிக் கை காட்டினார். போய் உட்கார்ந்து வயிறாரச் சாப்பிட்டேன். எழும்போது இன்னொரு பில் வந்தது. அதில் மூன்று வரிகள். எனக்குப் புரிந்தது பியருக்கான வரி மட்டும்.

என்னை யாரும் ஏமாற்றவில்லை. அங்கே வழக்கமே அதுதான், எனக்குத்தான் தெரியவில்லை. அடுத்த முறை ஒரு வழிகாட்டியை அமர்த்திக்கொண்டு போனேன். மீன் தண்ணீரை விட்டு வெளியே வருவதற்கு முன்பே அவர் கேட்ட நான்கு கேள்விகளிலேயே கொடுத்த கூலி எனக்குத் தீர்ந்துவிட்டது. தென்கொரியாவின் பூசான் நகருக்கு முதல்முறை போகிறவர்களுக்காக, அந்த நாளை வைத்து இந்த விளக்கத்தை எழுதுகிறேன்.

படி 1: நாளையும் நேரத்தையும் முடிவு செய்யுங்கள்

நாம் பார்க்கப்போகிற சந்தைகள் எல்லாம் பூசானின் பழைய நகரப் பகுதியில், நடக்கிற தூரத்தில் இருக்கின்றன. ஜகல்ச்சி மீன் சந்தை, அதை ஒட்டிய கருவாட்டுச் சந்தை, சாலையைத் தாண்டினால் பிஃப் சதுக்கம், அதற்குப் பின்னால் குக்ஜே சந்தை, அதற்கும் அந்தப் பக்கம் புப்யோங் கங்தோங் சந்தை.

ஜகல்ச்சியின் பெரிய கட்டடத்துக்கு மாதத்தின் முதல், மூன்றாம் செவ்வாய்க் கிழமைகளில் விடுமுறை. குக்ஜேக்கு முதல், மூன்றாம் ஞாயிறு. சந்திரப் புத்தாண்டு, அறுவடைத் திருநாளான சூசோக் ஆகியவற்றை ஒட்டி எல்லாக் கடையும் பூட்டு. இந்த நாட்களைத் தவிர்த்துவிடுங்கள்.

மீன் சந்தை என்றால் விடிகாலையில் போக வேண்டும் என்பார்கள். வாங்க வருகிறவர்களுக்கு அது சரி. சுற்றிப் பார்க்க வருகிற நமக்கு மதியம் 3 மணிதான் நல்லது. மீனில் தொடங்கி, குக்ஜே கடைகள் ஷட்டரை இறக்குவதற்குள் அதைப் பார்த்துவிட்டு, இரவு 7.30 வாக்கில் கங்தோங்கின் இரவுச் சந்தைக்குச் சரியாகப் போய்ச் சேரலாம். பல குழுச் சுற்றுலாக்கள் காலையில் தொடங்கி மதியத்தோடு முடிந்துவிடும். மதியம் தொடங்குகிற சுற்றைக் கேட்டு வாங்குங்கள்.

படி 2: வழிகாட்டியைப் பிடியுங்கள்

தமிழில் பேசுகிற வழிகாட்டி கிடைப்பார் என்று எதிர்பார்க்க வேண்டாம், ஆங்கிலம்தான். கொரியாவில் வெளிநாட்டுப் பயணிகளை அழைத்துப் போகும் வழிகாட்டிகளுக்கு அரசு உரிமம் உண்டு. அந்த அட்டையைக் கழுத்தில் மாட்டியிருப்பார்கள், பார்த்துக்கொள்ளுங்கள்.

பணம் கட்டுவதற்கு முன்பு மூன்று விஷயங்களை எழுதிக் கேளுங்கள். கட்டணத்தில் சாப்பாடு சேர்த்தியா, தனியா? குழுவில் எத்தனை பேர்? நாமாக விரும்பி ஒரு கடையில் உட்கார்ந்தால் காத்திருப்பீர்களா? எட்டுப் பேருக்கு மேல் என்றால் நான் போக மாட்டேன். கங்தோங் சந்துகளில் எட்டுப் பேர் நின்றால் பின்னால் நிற்கிறவருக்கு முன்னால் இருப்பவரின் முதுகுப்பைதான் தெரியும்.

நீங்கள் எதைச் சாப்பிட மாட்டீர்கள் என்பதையும் அப்போதே சொல்லிவிடுங்கள். டிப்ஸ் கொடுக்கிற வழக்கம் கொரியாவில் இல்லை. பெயருக்குப் பதிலாக ‘கைடுநிம்’ என்று கூப்பிட்டால் போதும். ‘நிம்’ என்பது மரியாதை விகுதி, நம் ‘அவர்கள்’ மாதிரி.

படி 3: பையில் என்ன இருக்க வேண்டும்

ரொக்கம், முக்கியமாக 1,000 வோன் நோட்டுகள். 1,000 வோன் என்பது ஏறத்தாழ 60 ரூபாய். கடைகளில் அட்டை ஓடும், ஆனால் தள்ளுவண்டிகளுக்குச் சில்லறைதான் வசதி. அப்புறம் ‘டி-மணி’ பயண அட்டை. மூலைக்கு மூலை இருக்கும் கன்வீனியன்ஸ் கடைகளில் வாங்கிப் பணம் ஏற்றிக்கொள்ளலாம். போனில் நேவர் மேப்பும் பாப்பகோ மொழிபெயர்ப்புச் செயலியும் போட்டுக்கொள்ளுங்கள். நடந்து போகிற வழிக்குக் கூகுள் மேப்பை அங்கே நம்பினால் காலத்துக்கும் சுற்ற வேண்டியதுதான். மீன் சந்தைத் தரை எப்போதும் ஈரம், அதனால் வழுக்காத ஷூ அவசியம்.

படி 4: போய்ச் சேருங்கள்

சியோலிலிருந்து கேடிஎக்ஸ் அதிவேக ரயிலில் சுமார் இரண்டரை மணி நேரத்தில் பூசான் வந்துவிடலாம். பூசான் நிலையத்தில் மெட்ரோ 1ஆம் தடத்தில், தாதேபோ கடற்கரைத் திசையில் ஏறினால் மூன்றாவது நிறுத்தம் ஜகல்ச்சி. 10ஆம் எண் வாசல் வழியாக வெளியே வாருங்கள். வழி தெரியாவிட்டால் மூக்கு கூட்டிப்போகும்.

படி 5: ஜகல்ச்சியில் மீன் வாங்குங்கள்

‘ஜகல்’ என்றால் கூழாங்கல். கூழாங்கல் கிடந்த கரையில் கூடிய சந்தை என்பதால் இந்தப் பெயர் என்பார்கள். 1950இல் கொரியப் போர் வெடித்தபோது நாட்டின் தற்காலிகத் தலைநகரமானது பூசான்தான். வடக்கிலிருந்து அகதிகள் வந்து குவிந்தார்கள். கையில் முதல் இல்லாத பெண்கள் கூடையில் மீனை வைத்துக்கொண்டு இந்தக் கரையில் உட்கார்ந்தார்கள். இன்றைக்கும் வியாபாரிகளில் பெரும்பாலோர் பெண்கள்தான். ‘ஜகல்ச்சி அஜிமே’ என்றால் ஊருக்கே தெரியும். நம் ஊர் மீன்காரம்மா என்று வைத்துக்கொள்ளுங்கள். ரப்பர் பூட்ஸ், ரப்பர் கையுறை, சுருட்டை முடி, உரத்த குரல். ‘ஓஇசோ, போஇசோ, சாஇசோ’ என்ற பூசான் வழக்கைப் பலகைகளில் காணலாம். வாங்க, பாருங்க, வாங்கிக்கிங்க என்று பொருள்.

தொட்டிகளில் தட்டை மீனான க்வாங்கோ, பாறை மீனான ஊரோக், பிறகு அபலோனி, கடல் வெள்ளரி. வாலும் தலையும் தெரியாமல் ஊதிச் சுருங்குகிற ‘கேபுல்’ என்ற கடல் புழுவும் உண்டு. அதன் தோற்றத்தைப் பற்றி இங்கே எழுத முடியாது, நேரில் பார்த்தால் சிரிப்பீர்கள். ‘சிகா’ என்று பலகையில் இருந்தால் அன்றைய விலை என்று அர்த்தம், அதாவது கேட்டால்தான் தெரியும்.

இப்போதுதான் வழிகாட்டிக்கு வேலை. நான் மீனைக் காட்டியதும் எங்கள் கைடுநிம் என் கையை மெதுவாக இறக்கிவிட்டார். விரலை நீட்டிவிட்டால் சிலர் அதையே சம்மதமாக எடுத்துக்கொண்டு வலையைப் போட்டுவிடுவார்களாம். பிறகு கேள்விகளை வரிசையாகக் கேட்டார்:

கிலோ என்ன விலை?
இந்த ஒரு மீன் எத்தனை கிலோ வரும்?
மாடியில் தலைக்கு எவ்வளவு?
முள்ளில் குழம்பு வைத்தால் அதற்குத் தனியாக எவ்வளவு?

துளை போட்ட பிளாஸ்டிக் கூடையில் மீனைப் போட்டுத் தராசில் வைத்தார் அந்த அம்மா. கைடுநிம் ஒன்றும் பேசவில்லை. தண்ணீர் சொட்டி முடிகிறவரை தராசின் எண்ணையே பார்த்துக்கொண்டு நின்றார். எண் கொஞ்சம் இறங்கியது. அம்மா கூடையின் எடையைத் தானாகவே கழித்துவிட்டு, இரண்டு கை அளவுக்குச் சிப்பியை அள்ளி மேலே போட்டார். கொசுறு! கொரியரிடமும் இதற்குத் தனிச் சொல் இருக்கிறது: ‘தோம்’. கொசுறைக் கேட்டு வாங்கலாம், தப்பில்லை. ஆனால் விலையை முதலில் பேசி முடித்துவிட்டுத்தான் கேட்க வேண்டும்.

என் பழைய பில்லின் மர்மமும் அப்போதுதான் விலகியது. கீழே கொடுப்பது மீனுக்கு மட்டும். மாடியில் அதை அறுத்துப் பரிமாற, இலை, பூண்டு, பச்சை மிளகாய், தொட்டுக்கொள்ளும் சாந்து எல்லாம் சேர்த்துத் தலைக்கு இவ்வளவு என்று ஒரு கட்டணம். அதற்கு ‘சங்சாரிம்’ என்று பெயர். எலும்பும் தலையும் போட்டுக் கொதிக்க வைக்கும் காரக் குழம்பான ‘மேஉன்தாங்’ தனிக் கணக்கு.

பச்சை மீன் துண்டுகளுக்கு ‘ஹ்வே’ என்று பெயர். உயிரோடு இருந்ததை உடனே அறுப்பதால் மென்மையாக இருக்காது, கடிக்கும்போது இழுக்கும். அந்த இழுப்புதான் அவர்களுக்குப் பிடித்தது. எனக்கு மேஉன்தாங்தான் பிடித்தது. முள்ளங்கி போட்டு, புளி இல்லாத மீன் குழம்பு. மிளகாய்க் காரம் நம் நாக்குக்குத் தாங்கும். துடிக்கிற ஆக்டோபஸ் கேட்டால் துண்டுகளை நன்றாக மென்ற பிறகே விழுங்குங்கள். உறிஞ்சிகள் தொண்டையில் ஒட்டிக்கொள்ளும், விளையாட்டில்லை.

படி 6: கருவாட்டுச் சந்தை

பக்கத்திலேயே கருவாட்டுக் கடைகள். நெத்திலியை அளவு வாரியாகப் பிரித்துப் பெட்டி பெட்டியாக வைத்திருப்பார்கள். பொடி நெத்திலி வறுக்க, பெரியது சாறு இறக்க. கடல் பாசித் தாளான ‘கிம்’ ஊருக்கு வாங்கிப்போக ஏற்றது, எடையே இல்லை. கருவாடு வாங்கினால் மூன்று உறை போட்டுக் கட்டச் சொல்லுங்கள். பெட்டியில் இருக்கும் சட்டைகளை நினைத்துப் பாருங்கள்.

படி 7: சாலையைத் தாண்டி ஒரு ஹொத்தோக்

பிஃப் சதுக்கம் 1996இல் தொடங்கிய பூசான் சர்வதேசத் திரைப்பட விழாவின் பெயரைத் தாங்கியது. தரையில் திரைக்கலைஞர்களின் கை அச்சுகள் பதித்திருக்கும். மேலே வண்டிகளில் ‘ஷியாத் ஹொத்தோக்’. மாவு உருண்டைக்குள் சர்க்கரை வைத்து எண்ணெயில் தட்டிப் பொரித்து, கத்தரிக்கோலால் வாயைப் பிளந்து, சூரியகாந்தி, பூசணி விதைகளை ஒரு கரண்டி அள்ளித் திணித்துக் காகிதக் கோப்பையில் செருகித் தருவார்கள். உள்ளே இருக்கும் சர்க்கரைப் பாகு கொதித்துக்கொண்டிருக்கும். வரிசையில் நின்ற அவசரத்தில் கடித்து மேலண்ணத்தைச் சுட்டுக்கொண்டவன் சொல்கிறேன், இரண்டு நிமிடம் பொறுங்கள்.

சைவச் சாப்பாட்டுக்காரர்களுக்கு இந்த நடையில் நிம்மதியாகக் கிடைப்பவை இந்த ஹொத்தோக், பூசணிக் கஞ்சி, சிவப்புப் பயறுக் கஞ்சி, சுட்ட கஷ்கொட்டை. காய்கறி மட்டும்தான் என்று தெரிகிற கிம்ச்சியில்கூட மீன் சாறோ இறால் ஊறுகாயோ இருக்கும். சூப் என்றால் பெரும்பாலும் நெத்திலிச் சாறு. ‘சோகோகி’ என்றால் மாட்டிறைச்சி, ‘த்வேஜி’ என்றால் பன்றி. இந்த இரண்டு சொற்களை மட்டுமாவது மனப்பாடம் செய்துகொள்ளுங்கள்.

படி 8: குக்ஜே, பிறகு கங்தோங்

1945இல் ஜப்பானியர் தோற்று ஊரைக் காலி செய்தபோது விட்டுப்போன சாமான்கள் வெற்றுத் திடலில் விலைக்கு வந்தன. குக்ஜே சந்தையின் தொடக்கம் அதுதான். போர்க்காலத்தில் அகதிகளும் அமெரிக்கப் படைச் சரக்குகளும் சேர்ந்து அதைப் பெருக்கின. இன்றைக்குத் துணி, பாத்திரம், கண்ணாடி, போர்வை என்று வரிசை வரிசையாக இருக்கிறது. வாங்குவதற்கு ஒன்றும் இல்லாவிட்டால் அரை மணி நேரம் போதும்.

புப்யோங் சந்தையின் பட்டப்பெயரில் இருக்கும் ‘கங்தோங்’ என்றால் தகர டப்பா. படைமுகாம்களிலிருந்து வந்த டப்பா உணவுகள் இங்கே விற்றதால் ஒட்டிக்கொண்ட பெயர். 2013இல் கொரியாவின் முதல் நிரந்தர இரவுச் சந்தை இங்கேதான் தொடங்கியது. மாலை ஏழரை வாக்கில் தள்ளுவண்டிகள் வரிசையாக உள்ளே வரும்.

இங்கே ஓமுக் சாப்பிடாமல் வர வேண்டாம். மீனை அரைத்துச் செய்த பட்டையைக் குச்சியில் மடித்துச் செருகி, சாற்றில் போட்டு வைத்திருப்பார்கள். நீங்களே எடுத்துத் தின்னலாம். குச்சிகளை மட்டும் எறிந்துவிடாதீர்கள். கடைசியில் கடைக்காரர் அவற்றை எண்ணித்தான் கணக்குப் போடுவார். சாறு காகிதக் கோப்பையில் இலவசம். தெருவில் குப்பைத் தொட்டி அரிது, கோப்பையை வாங்கிய கடையிலேயே திருப்பிக் கொடுங்கள்.

கடைக்காரப் பெண்களை ‘இமோ’ என்று கூப்பிடுங்கள். அம்மாவின் உடன்பிறந்தவள் என்று அர்த்தம், நமக்குச் சித்தி, பெரியம்மா. ‘ஓல்மாயெயோ?’ என்றால் எவ்வளவு? ‘கக்கா ஜுசெயோ’ என்றால் குறைத்துக் கொடுங்கள். ஆனால் சாப்பாட்டு வண்டியில் பேரம் பேசாதீர்கள், துணி, கருவாட்டுக் கடைகளோடு நிறுத்திக்கொள்ளுங்கள். பணத்தை இரண்டு கையாலும் கொடுங்கள்.

ஓமுக் வண்டி அருகே நிற்கும்போது பின்னாலிருந்து ஒரு சிறுவன் “அப்பா!” என்று கத்தினான். சட்டென்று திரும்பினேன், ஆனால் அவன் கூப்பிட்டது பக்கத்தில் நின்ற கொரியரை. அவர்கள் மொழியிலும் அப்பா அப்பாதான். இதை வைத்து இரண்டு மொழிக்கும் உறவு என்று சொல்லிவிட முடியாது. ஆனாலும் அந்த இரைச்சலில் அது காதில் விழுந்தால் சும்மா இருக்க முடியாது.

படி 9: மறுநாள் தனியாகப் போங்கள்

வழிகாட்டியை இரண்டாம் நாளுக்கு அமர்த்த வேண்டாம். பிரியும்போது அவரிடம் ஒன்று மட்டும் கேளுங்கள்: நீங்கள் வீட்டுக்குக் காய்கறி எங்கே வாங்குவீர்கள்? எங்களுக்குக் கிடைத்த பதில் நகரின் வடக்கே இருக்கும் குபோ சந்தை. தினமும் திறந்திருக்கும், ஆனால் ஐந்து நாளைக்கு ஒருமுறை பெரிய சந்தை கூடும், நம் ஊர் வாரச்சந்தை மாதிரி. அங்கே காய்கறியை ‘குன்’ கணக்கில் விற்பார்கள், ஒரு குன் 400 கிராம். இறைச்சிக்கு மட்டும் 600. பெரிய சந்தை கூடுவது 3, 8 என்று முடிகிற தேதிகளில், காலண்டரைப் பார்த்துக்கொண்டு கிளம்புங்கள்.