50 லட்சம் வீட்டுக் கடன்: கடைசியில் எவ்வளவு கட்டுவோம்? நாமே கணக்குப் போட்டுப் பார்க்கலாம்

வீட்டு லோன் கேட்டு வங்கிக்குப் போனால் முதலில் காதில் விழுவது இஎம்ஐ. "மாசம் நாற்பத்து மூணாயிரம் வரும் சார், உங்க சம்பளத்துக்கு தாராளமா கிடைச்சிடும்" என்பார்கள். நாமும் அந்த ஒரு எண்ணை வைத்தே வீட்டை முடிவு செய்துவிடுகிறோம். மாதச் செலவு தாங்குமா என்று பார்க்க இஎம்ஐ போதும். வீடு கடைசியில் என்ன விலைக்கு வந்து முடியும் என்று தெரிய வேண்டுமானால் வேறு இரண்டு எண்களைப் பார்க்க வேண்டும்: கடன் தீர இன்னும் எத்தனை மாதம், இன்றைய தேதியில் அசல் மீதி எவ்வளவு.

கூகுள் ஷீட்ஸ் அல்லது எக்செல் இருந்தால் போதும், ஒரு மணி நேரத்தில் இதைப் போட்டுவிடலாம். நான் எடுத்துக்கொள்ளும் உதாரணம்: தமிழ்நாட்டில் ஒரு பழைய தனி வீடு, கிரய விலை 62.5 லட்சம், லோன் 50 லட்சம், 8.5% மாறும் வட்டி, 20 வருடம். உங்கள் எண்களை அந்தந்த இடத்தில் மாற்றிக்கொள்ளுங்கள்.

படி 1: லோன் வருவதற்கு முன்பே கையிலிருந்து போகும் பணம்

ரிசர்வ் வங்கி விதிப்படி 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான வீட்டுக் கடனுக்கு, வீட்டு மதிப்பில் 80% வரைதான் வங்கி தரலாம். 30 லட்சம் வரை என்றால் 90%, 75 லட்சத்துக்கு மேல் போனால் 75%. நம் உதாரணத்தில் 12.5 லட்சம் நாம் போட வேண்டும்.

பலரும் இங்கேயே நிறுத்திவிடுகிறார்கள். பத்திரச் செலவை லோனில் சேர்த்துவிடலாம் என்ற நினைப்பு. 10 லட்சத்துக்கு உட்பட்ட வீடுகளுக்குத்தான் அந்தச் சலுகை. தமிழ்நாட்டில் சாதாரணக் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7%, பதிவுக் கட்டணம் 2%. 2023 ஏப்ரலில் பதிவுக் கட்டணத்தை 4 சதவீதத்திலிருந்து 2 ஆகக் குறைத்தார்கள். அதே கையோடு வழிகாட்டி மதிப்பை, அதாவது இடத்துக்கு அரசு வைத்திருக்கும் குறைந்தபட்ச விலையை, ஏற்றினார்கள். கிரய விலை, வழிகாட்டி மதிப்பு இரண்டில் எது அதிகமோ அதற்குத்தான் 9 சதவீதம். 62.5 லட்சத்துக்கு 5,62,500 ரூபாய்.

கட்டிக்கொண்டிருக்கும் அடுக்குமாடியில் வாங்கினால் ஜிஎஸ்டி தனியாக 5%. 45 லட்சத்துக்கு உட்பட்ட சிறிய வீடென்றால் 1%. பணி முடிவுச் சான்று வாங்கிய வீட்டுக்கும் பழைய வீட்டுக்கும் ஜிஎஸ்டி இல்லை.

பிறகு சில்லறைகள்: பிராசசிங் கட்டணமும் அதற்கு 18% ஜிஎஸ்டியும், வக்கீலின் லீகல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், மூலப்பத்திரத்தை அடமானம் வைக்கும் எம்ஓடி பதிவுக்கான தீர்வை. எல்லாம் சேர்த்து 60,000 என்று போட்டு வைக்கிறேன். உங்கள் வங்கியிடம் கேஎஃப்எஸ் என்ற விவரத்தாளைக் கேளுங்கள். 2024 அக்டோபர் 1 முதல் ஒவ்வொரு புதிய சில்லறைக் கடனுக்கும் அதைத் தந்தாக வேண்டும். கட்டணங்களையெல்லாம் சேர்த்து வட்டி உண்மையில் எத்தனை சதவீதம் விழுகிறது என்று அதில் ஏபிஆர் என்ற வரியில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பர வட்டியை விட்டுவிட்டு இதை வைத்து ஒப்பிடுங்கள்.

கையெழுத்துப் போடும் நேரத்தில் ஒரு காப்பீட்டுப் படிவத்தையும் நீட்டுவார்கள். "பிரீமியத்தை லோன்லயே சேர்த்துடுறோம், நீங்க எதுவும் கட்ட வேண்டாம்." 1.5 லட்சம் பிரீமியம் லோனில் சேர்ந்தால், 20 வருடத்தில் அது 3.12 லட்சமாகத் திரும்பிப் போகும். ஆயுள் காப்பீடு அவசியம் வேண்டும். அதை வெளியே டேர்ம் பாலிசியாக எடுப்பதே என் பரிந்துரை. அந்த வங்கி நீட்டும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை.

படி 2: மாத அட்டவணை

இதுதான் முக்கியமான படி, நேரம் எடுத்துச் செய்யுங்கள். ஷீட்டில் ஐந்து பத்திகள்: மாதம், தொடக்க மீதி, வட்டி, அசல், முடிவு மீதி. இஎம்ஐ எவ்வளவு என்பதை எந்த வங்கித் தளத்தின் கால்குலேட்டரிலும் எடுத்துக்கொள்ளலாம். நமக்கு 43,391 ரூபாய்.

முதல் வரிசையில் தொடக்க மீதி 50,00,000. வட்டிப் பத்தியில்: தொடக்க மீதி × 8.5 ÷ 1200. அசல் பத்தியில்: இஎம்ஐ கழித்தல் வட்டி. முடிவு மீதி: தொடக்க மீதி கழித்தல் அசல். அடுத்த வரிசையின் தொடக்க மீதி, முந்தைய வரிசையின் முடிவு மீதி. இரண்டாவது வரிசையை 240 வரை இழுத்துவிடுங்கள்.

சரியாக வருகிறதா என்று பார்க்க: முதல் மாதம் வட்டி 35,417, அசல் 7,974, மீதி 49,92,026. இரண்டாம் மாதம் வட்டி 35,360, அசல் 8,031. 240ஆவது வரிசையில் நூறு ரூபாய் அளவில்தான் மிச்சம் நிற்க வேண்டும். லட்சக்கணக்கில் நின்றால் எங்கோ ஒரு கட்டத்தில் சூத்திரம் தவறியிருக்கிறது.

இப்போது மெதுவாகக் கீழே இறங்கிப் பாருங்கள். 60ஆவது மாதம்: 26 லட்சம் கட்டியாகிவிட்டது, கடன் குறைந்திருப்பது 6 லட்சத்துக்கும் கீழே, மீதி 44.06 லட்சம். 120ஆவது மாதம், பாதி தூரம்: கட்டியது 52 லட்சம், வாங்கியதைவிட அதிகம், மீதி இன்னும் 35 லட்சம். இஎம்ஐயில் அசலின் பங்கு வட்டியைத் தாண்டுவதே 143ஆவது மாதத்தில்தான். வாங்கிய கடன் பாதியாவது 166ஆவது மாதத்தில், அதாவது 13 வருடம் 10 மாதம் கழித்து.

வங்கி ஏமாற்றுகிறது என்று இதற்கு அர்த்தம் இல்லை. மீதி அதிகம் இருக்கும்போது வட்டி அதிகம், அவ்வளவுதான், கணக்கு நேர்மையானது. ஆனால் ஏழெட்டு வருடத்தில் வீட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்குப் போகும் எண்ணம் இருந்தால், அந்த வருடத்துக்கான மீதியை இன்றே பார்த்து வைத்துக்கொள்வது நல்லது. விற்ற பணத்தில் முதலில் போவது அதுதான்.

வட்டிப் பத்தியைக் கூட்டினால் 54.14 லட்சம் வரும்.

படி 3: வருடத்தை மாற்றிப் பாருங்கள்

அதே 50 லட்சம், அதே 8.5%:

15 வருடம்: இஎம்ஐ 49,237, மொத்த வட்டி 38.6 லட்சம்
20 வருடம்: இஎம்ஐ 43,391, மொத்த வட்டி 54.1 லட்சம்
25 வருடம்: இஎம்ஐ 40,261, மொத்த வட்டி 70.8 லட்சம்
30 வருடம்: இஎம்ஐ 38,446, மொத்த வட்டி 88.4 லட்சம்

25லிருந்து 30க்குப் போனால் மாதம் மிச்சமாவது 1,815 ரூபாய். அதற்கு விலை 17.6 லட்சம். 30 வருட லோனை "இஎம்ஐ குறைவு" என்று விற்பவரிடம் இந்த ஒரு வரியைக் காட்டுங்கள்.

ஆனாலும் மொத்த வட்டியைப் பார்த்து மிரண்டுவிட வேண்டாம். விலைவாசி வருடம் 5% ஏறுவதாக வைத்துக்கொண்டால், 20ஆவது வருடக் கடைசியில் நாம் கட்டும் 43,391 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு சுமார் 16,350தான். சம்பளமும் அதுவரை இதே இடத்தில் நிற்காது. எனவே "ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டு விலை கொடுக்கிறோம்" என்று வாட்ஸ்அப்பில் சுற்றும் கணக்கு பாதிதான் உண்மை.

படி 4: வட்டி ஏறினால் என்ன ஆகும்?

20 வருடமும் 8.5% அப்படியே இருக்காது. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ரெப்போ விகிதம் (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி) போன்ற ஒரு வெளி அளவுகோலோடு கட்ட வேண்டும் என்பது விதி. வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. அவர்கள் தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்ளலாம். யாரிடம் வாங்குகிறோம் என்பதைப் பார்க்க இது ஒரு காரணம்.

2022 மே வரை ரெப்போ 4%. அங்கிருந்து ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5% ஆனது. ஒன்பதே மாதத்தில் இரண்டரை சதவீதம். 6.5 சதவீதத்தில் 50 லட்சம் வாங்கி, 37,279 இஎம்ஐ கட்டிக்கொண்டிருந்த ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள். அவருடைய வட்டி 9% ஆகிறது. 50 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டுமே 37,500. இஎம்ஐ அதைவிடக் குறைவு! முதல் வருடத்தில் கொஞ்சம் அசல் குறைந்து மீதி 48.74 லட்சம் ஆகியிருந்தாலும், பழைய இஎம்ஐயையே கட்டினால் கடன் தீர இன்னும் 527 மாதம், அதாவது கிட்டத்தட்ட 44 வருடம்.

வட்டி ஏறும்போது வங்கிகள் வழக்கமாக இஎம்ஐயைத் தொடாமல் மாதங்களை நீட்டிவிடும். கணக்கிலிருந்து போகும் பணம் மாறாததால் நமக்கு எதுவும் நடந்ததாகவே தெரியாது. இந்தக் குழப்பத்துக்குப் பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது: வட்டி மாறினால் கடன் வாங்கியவருக்குத் தெரிவிக்க வேண்டும், இஎம்ஐயைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டுமா என்று அவரைக் கேட்க வேண்டும், இஎம்ஐ மாத வட்டிக்கும் போதாமல் கடன் வளரும்படி விடக் கூடாது.

ஷீட்டில் வட்டி விகிதத்தைத் தனிக் கட்டத்தில் வைத்து 9.5, 10.5 என்று மாற்றிப் பாருங்கள். 10.5% இஎம்ஐயைத் தாங்க முடியாது என்றால், கடன் தொகையைக் குறைப்பதுதான் வழி. நல்ல நேரத்தில் வாங்கிவிடலாம் என்பதெல்லாம் 20 வருடக் கடனுக்குப் பொருந்தாது.

வட்டி இறங்கும்போது வேறொரு வேலை இருக்கிறது. புது வாடிக்கையாளருக்கு 8% சொல்லும் வங்கி, பழைய நமக்கு 8.6 போட்டுக்கொண்டிருக்கலாம். ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் இருவருக்கும் வேறுவேறு. வருடத்துக்கு ஒருமுறை கிளையில் எழுதிக் கேளுங்கள்; சின்னக் கட்டணத்தில் மாற்றிவிடுவார்கள். வேறு வங்கிக்கு லோனை மாற்றினால் பிராசசிங், லீகல், எம்ஓடி எல்லாம் மறுபடியும் முதலிலிருந்து வரும். அதைக் கழித்த பிறகும் லாபம் நிற்கிறதா என்று பார்த்துவிட்டு மாறுங்கள்.

படி 5: முன்கூட்டிக் கட்டுவது

தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை எப்போது வேண்டுமானாலும் அபராதம் இல்லாமல் கட்டலாம். இதை எத்தனை பேர் பயன்படுத்துகிறார்கள்?

அட்டவணையில் 12ஆவது மாத முடிவு மீதியிலிருந்து 1 லட்சத்தைக் கழித்துப் பாருங்கள். கடன் 11 மாதம் முன்னால் முடியும். வட்டியில் சுமார் 3.8 லட்சம் குறையும். அதே 1 லட்சத்தை 120ஆவது மாதத்தில் கட்டினால் 5 மாதம், 1.3 லட்சம்தான். கட்டும்போது "இஎம்ஐயைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா" என்று கேட்பார்கள். வேலைக்கு ஆபத்து இல்லாதவரை காலத்தைக் குறைக்கச் சொல்லுங்கள், எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

3.8 லட்சம் மிச்சம் என்பது கேட்க மாயம் போல இருந்தாலும், உள்ளே இருப்பது இவ்வளவுதான்: அந்த 1 லட்சம் உங்களுக்கு 8.5% வட்டி சம்பாதிக்கிறது, அதற்கு வரியும் இல்லை. வரி போக இதற்கு மேல் தரும் பிக்சட் டெபாசிட் கிடைப்பது அரிது. ஆனால் லோனில் போட்ட பணம் அவசரத்துக்குத் திரும்ப வராது. ஆறு மாதச் செலவை ஒதுக்கி வைத்த பிறகே இதைத் தொடங்குங்கள்.

படி 6: வரிச் சலுகையைக் கழிக்கலாமா?

பழைய வரி முறையில் இருந்தால் மட்டும். குடியிருக்கும் வீட்டுக்கு வருடம் 2 லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம்; நம் கடனின் முதல் வருட வட்டி 4.21 லட்சம், பாதிக்கு மேல் கணக்கில் வராது. 30% வரம்பில் இருப்பவருக்கு அதிகபட்சம் 62,400 ரூபாய் மிச்சம். புதிய முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு இந்தக் கழிவே கிடையாது. வரி மிச்சமாகும் என்பதற்காகக் கடனைப் பெரிதாக்குவதில் எந்தப் புத்திசாலித்தனமும் இல்லை.

படி 7: எல்லாவற்றையும் கூட்டுவது

கையிலிருந்து போட்டது 12.5 லட்சம், பத்திரம் 5.63 லட்சம், கட்டணங்கள் 0.6 லட்சம், 240 இஎம்ஐ 104.14 லட்சம். மொத்தம் சுமார் 1 கோடியே 23 லட்சம். அரையாண்டுக்கு ஒருமுறை சொத்து வரி, வெள்ளையடிப்பு, மோட்டார், மாடித்தளத்தில் வரும் நீர்க்கசிவு இவை வேறு. இவற்றுக்கும் ஷீட்டில் வருடத்துக்கு ஒரு தொகையை எழுதுங்கள். பழைய வீடென்றால் தாராளமாகவே.

படி 8: கடன் முடிந்த நாளில்

கடைசித் தவணை கட்டியதோடு செலவு முடியவில்லை. 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ள விதிப்படி, கடன் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். அவர்களால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் நமக்குத் தர வேண்டும். எம்ஓடி பதிவு செய்திருந்தால் அதை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். அதற்கும் கட்டணம் உண்டு, வங்கி அதிகாரி வந்து கையெழுத்துப் போடவும் வேண்டும். பதிந்து சில நாள் கழித்து வில்லங்கச் சான்று எடுத்து, அடமானப் பதிவுக்குக் கீழே ரத்து ஏறியிருக்கிறதா என்று சரிபார்த்துக்கொள்ளுங்கள்.