கர்ப்ப காலத்திலும் பிரசவத்திலும் இரத்தப்போக்கு: வீட்டார் படிப்படியாகச் செய்ய வேண்டியவை

என் தங்கை கொழும்பு வெள்ளவத்தையில் ஒரு தொடர்மாடியின் ஐந்தாம் மாடியில் குடியிருந்தபோது, 31ஆம் வாரத்தில் ஒரு விடியற்காலை, வலி எதுவும் இல்லாமலே அவளுக்கு இரத்தம் போகத் தொடங்கியது. வலி இல்லைதானே, விடியட்டும், கிளினிக் திறந்ததும் போகலாம் என்று பெரியவர்கள் சொன்னார்கள். நல்லவேளையாக அவளுடைய கணவர் அதைக் கேட்கவில்லை. வைத்தியசாலையில் எத்தனை மணிக்குத் தொடங்கியது, எத்தனை பேட் நனைந்தது, கட்டி கட்டியாகப் போனதா என்று கேட்டார்கள். எங்களில் ஒருவருக்கும் பதில் தெரியவில்லை, ஏனென்றால் நனைந்தவற்றை எல்லாம் வெட்கத்தினால் சுருட்டி எறிந்துவிட்டிருந்தோம். தாயும் பிள்ளையும் இன்று நலமாக இருக்கிறார்கள். அன்று எங்களுக்குத் தெரியாமல் இருந்ததைத்தான் இங்கே வரிசைப்படுத்துகிறேன். கர்ப்பிணியோடு அவளுடைய கணவரும் தாயும் மாமியாரும் இதை வாசிக்க வேண்டும்.

முதல் படி: ஒன்றும் நடக்காத நாளிலேயே ஆயத்தமாகுங்கள்

கிளினிக் அட்டையில் மூன்று விடயங்களைப் பார்த்துக்கொள்ளுங்கள். ஒன்று இரத்த வகை. அது நெகட்டிவ் வகையானால், இரத்தம் போனதும் 72 மணித்தியாலங்களுக்குள், தாயின் உடம்பு பிள்ளையின் இரத்தத்தை எதிர்க்காமல் தடுக்கும் ஆன்டி-டி ஊசி தேவைப்படலாம் என்பதை வீட்டில் எல்லோரும் அறிந்திருக்க வேண்டும். அடுத்தது ஈமோகுளோபின் அளவு. அது 11 கிராமுக்குக் கீழே இருந்தால் இரத்தசோகை. அப்படிப்பட்ட தாய் கொஞ்ச இரத்தம் இழந்தாலும் தாங்க மாட்டாள். கிளினிக்கில் கொடுக்கும் இரும்புச்சத்து மாத்திரையைத் தேத்தண்ணீரோடு விழுங்கினால் சத்து உடம்பில் சரியாகச் சேராது. தேசிக்காய்த் தண்ணீரோடு எடுத்துக்கொண்டு, தேத்தண்ணீரை ஓரிரு மணித்தியாலம் தள்ளிக் குடிக்கலாம். மூன்றாவது, ஸ்கேன் அறிக்கையில் நஞ்சுக்கொடி (பிளசென்டா) எங்கே இருக்கிறது என்பது. 20ஆம் வாரத்தில் அது தாழ்ந்திருப்பதாக எழுதியிருந்தால் பயப்பட வேண்டாம். கருப்பை வளர வளரப் பெரும்பாலானோருக்கு அது மேலே விலகிவிடும். ஆனால் ஏறத்தாழ 32ஆம் வாரத்தில் செய்யச் சொல்லும் மறு ஸ்கேனைத் தவறவிடக் கூடாது. முன்பு சிசேரியன் செய்துகொண்டவர்களுக்கு இது இரட்டிப்பு முக்கியம், ஏனென்றால் நஞ்சுக்கொடி பழைய தழும்பில் ஆழப் பதிந்துவிடக்கூடும்.

இலங்கையின் 1990 என்ற அம்புலன்ஸ் இலக்கத்தை எல்லோருடைய கைபேசியிலும் பதிந்து வையுங்கள்; அது இலவச சேவை. பொரளையில் உள்ள டி சொய்சா மகளிர் வைத்தியசாலை, காசல் வீதி மகளிர் வைத்தியசாலை ஆகியவற்றில் உங்கள் கிளினிக் எதனுடன் தொடர்புடையது என்பதையும், இரவில் எந்த வாசல் திறந்திருக்கும் என்பதையும் முன்னரே கேட்டு வையுங்கள். வாசலில் தமிழ் தெரிந்தவர் இல்லாவிட்டால் "லே யனவா" என்ற இரண்டு சொற்கள் போதும். இரத்தம் போகிறது என்று சிங்களத்தில் பொருள்.

இரண்டாம் படி: இரத்தத்தைக் கண்டவுடன்

மணியைப் பாருங்கள், எழுதுங்கள். ஒரு பேட்டை வைக்கச் சொல்லி, அது எவ்வளவு நேரத்தில் நனைகிறது என்று கவனியுங்கள். நனைந்த பேட்டையும் வெளியே வந்த கட்டியையும் ஒரு பையில் போட்டுக் கையோடு கொண்டுபோங்கள். ஒரு மணித்தியாலத்துக்குள் ஒரு பேட் முழுதும் நனைந்தாலோ, மயக்கம், கடும் வயிற்றுவலி, வேகமான நாடித்துடிப்பு இருந்தாலோ உடனே 1990. 20 வாரம் தாண்டியிருந்தால் அளவு எவ்வளவாக இருந்தாலும் அன்றே, அப்போதே வைத்தியசாலை. வாகனம் வரும்வரை அவளை இடப்பக்கமாகச் சரித்துப் படுக்கவையுங்கள். சத்திரசிகிச்சை தேவைப்படலாம் என்பதால் வாயால் ஒன்றும் கொடுக்க வேண்டாம். வயிற்றை எண்ணெய் தேய்த்து உருவக் கூடாது. உள்ளே விரல் வைத்து யாரும் பார்க்கக் கூடாது.

முகம் தெளிவாகத்தானே இருக்கிறது என்று நினைத்து ஏமாறாதீர்கள். கர்ப்பத்தில் தாயின் உடம்பில் இரத்தத்தின் அளவு ஏறக்குறைய பாதியளவு கூடிவிடுகிறது. ஆகவே ஒரு லீற்றர் இழந்த பின்பும் பிரஷர் சரியாகவே காட்டலாம். முகம் வெளிறி அவள் துவளும் நேரத்தில் நிறைய இரத்தம் போய்விட்டிருக்கும்.

மூன்றாம் படி: எந்த வாரத்தில் என்ன காரணம் என்று அறிந்திருங்கள்

முதல் மூன்று மாதங்களில் இரத்தத் துளிகள் படுவது அரிதான விடயம் அல்ல. ஏறத்தாழ நான்கில் ஒரு கர்ப்பத்தில் அது நிகழ்கிறது, அவர்களில் பலருக்குக் கர்ப்பம் நல்லபடியாகத் தொடரும். ஆனால் ஒரு பக்க அடிவயிற்றில் வலியும், தோள்மூட்டில் வலியும், தலைச்சுற்றும் சேர்ந்து வந்தால், கரு கருப்பைக்கு வெளியே, பெரும்பாலும் பலோப்பியன் குழாயில், தங்கியிருக்கிறதா என்று உடனே பார்க்க வேண்டும். அந்தக் குழாய் வெடித்தால் வெளியே சில துளிகள் மட்டுமே தெரிய, வயிற்றுக்குள் இரத்தம் நிரம்பிக்கொண்டிருக்கும். இந்த ஒன்றைத்தான் நான் எல்லாவற்றிலும் அதிகம் அஞ்சுகிறேன்.

ஆரம்பக் கருக்கலைவுகளில் ஏறத்தாழ பாதிக்குக் கருவின் நிறமூர்த்தங்களில் ஏற்படும் பிழையே காரணம். மாடிப்படி ஏறினாள், அன்னாசி சாப்பிட்டாள் என்று அவளைக் குற்றம் சொல்லாதீர்கள். கட்டிலை விட்டு இறங்காமல் படுத்திருந்தால் கருவைக் காப்பாற்றிவிடலாம் என்பதற்கும் ஆதாரம் இல்லை.

20ஆம் வாரத்துக்குப் பிறகு இரண்டு காரணங்களைப் பிரித்தறிய வேண்டும். வலியில்லாமல் பளிச்சென்ற சிவப்பில் போனால், நஞ்சுக்கொடி கருப்பை வாயை மூடிக்கொண்டிருக்கலாம். என் தங்கைக்கு அதுதான். வயிறு பலகைபோல் இறுகி, விடாத வலியும் இருந்தால், நஞ்சுக்கொடி பிறப்புக்கு முன்னரே கழன்றிருக்கலாம். உயர் இரத்த அழுத்தம் உள்ளவர்களுக்கும், விழுந்தோ வாகனம் மோதியோ வயிற்றில் அடிபட்டவர்களுக்கும் இது நேரும் வாய்ப்பு அதிகம். இரத்தம் வெளியே வராமல் உள்ளேயே தேங்கியும் நிற்கலாம். மாதம் நிறைந்தபின் வழுவழுப்போடு இலேசாகக் கலந்து வரும் இரத்தம் பிரசவ அறிகுறி. அதுவும் வைத்தியசாலைக்குப் புறப்படச் சொல்லும் அடையாளம்தான்.

நான்காம் படி: பிரசவ அறையில் நடப்பதைப் புரிந்துகொள்ளுங்கள்

நிறைமாதத்தில் நிமிடத்துக்கு 500 மில்லிலீற்றருக்கும் மேற்பட்ட இரத்தம் கருப்பை வழியே ஓடுகிறது. பிள்ளை பிறந்து நஞ்சுக்கொடி விலகியதும், கருப்பையின் தசைகள் முறுக்கிக்கொண்டு அந்த நாளங்களை நெரித்து அடைக்க வேண்டும். அந்தத் தசைகள் தளர்ந்து கிடப்பதே பிரசவத்துக்குப் பின்னான இரத்தப்போக்கில் பெரும்பாலானவற்றுக்குக் காரணம். கிழிசல், உள்ளே தங்கிய நஞ்சுக்கொடித் துண்டு, இரத்தம் உறையாமை ஆகியவை ஏனைய காரணங்கள். அதனால்தான் பிள்ளை பிறந்தவுடன், கருப்பையை இறுகவைக்கும் ஒக்சிடோசின் ஊசி போடுகிறார்கள். தாதி வயிற்றை அழுத்தித் தேய்ப்பது தாய்க்கு நோகும். ஆனாலும் அதைத் தடுக்காதீர்கள். மருந்துக்கும் நிற்காவிட்டால் கருப்பைக்குள் பலூன் வைப்பதும் தையலிடுவதும் உண்டு. இரத்தப்போக்கைக் கட்டுப்படுத்தும் டிரனெக்சாமிக் அமிலம் என்ற மருந்தைப் பிரசவமாகி 3 மணித்தியாலங்களுக்குள் கொடுத்தால்தான் பயன் என்பது 2017இல் வெளியான பெரிய ஆய்வொன்றில் தெளிவானது.

போன இரத்தத்தைக் கண்ணால் மதிப்பிட்டால் பெரும்பாலும் குறைவாகவே தோன்றும். நான்கு ஆபிரிக்க நாடுகளின் 80 வைத்தியசாலைகளில், தாயின் கீழே அளவுக்கோடிட்ட விரிப்பை வைத்து, இரத்தம் அந்தக் கோட்டைத் தாண்டியதும் எல்லாச் சிகிச்சைகளையும் ஒன்றாகத் தொடங்கினார்கள். கடுமையான இரத்தப்போக்கும் அதையொட்டிய மோசமான விளைவுகளும் 60 வீதம் குறைந்ததாக 2023இல் முடிவு வந்தது. வீட்டில் நீங்கள் எண்ணிவைக்கும் பேட்டுக்கும் அதே பெறுமதிதான்.

கொழும்புக் காலி வீதி நெரிசலில் வாகனத்திலேயே பிள்ளை பிறந்துவிட்டால், பிள்ளையைத் துடைத்துத் தாயின் மார்போடு சேர்த்துப் போர்த்துங்கள், பால் குடிக்க விடுங்கள். தொப்புள்கொடியை இழுக்காதீர்கள், அறுக்கவும் வேண்டாம். நஞ்சுக்கொடி தானாக வெளியே வந்த பின்னர் மட்டும், தொப்புளுக்குக் கீழே கருப்பை பந்துபோல் இறுகும்வரை அழுத்தித் தேய்த்துக்கொண்டே வைத்தியசாலைக்குப் போங்கள்.

ஐந்தாம் படி: வீடு திரும்பிய பின்னர்

பிரசவத்துக்குப் பிந்திய கசிவு நாளுக்கு நாள் குறைந்து, நிறம் மாறி, சில வாரங்களில் நிற்க வேண்டும். குறைந்தது திரும்பக் கூடினாலோ, கோழிமுட்டை அளவு கட்டிகள் வந்தாலோ, நாற்றமோ காய்ச்சலோ இருந்தாலோ, கெட்ட இரத்தம் போகட்டும் என்று இருந்துவிடாதீர்கள். குடும்பநல மருத்துவமாது அடுத்த முறை வீட்டுக்கு வரும்வரை காத்திருக்கவும் வேண்டாம். உள்ளே தங்கிய துண்டோ கிருமித்தொற்றோ பிரசவத்துக்குப் பின் 12 வாரம் வரைக்கும் இரத்தப்போக்கை உண்டாக்கலாம். வைத்தியசாலையில் முதல் வார்த்தையாகப் பிள்ளை பிறந்த திகதியைச் சொல்லுங்கள். அதைச் சொல்லாவிட்டால் மாதவிடாய் என்று எண்ணி வரிசையில் காத்திருக்க வைத்துவிடலாம்.