மழை உங்கள் முகத்தைப் பார்ப்பதில்லை, எதிர்க்கடைக்காரர் பார்ப்பார்: முடிவு மரம் வரையும் முறை

ஒரு நாள் ராத்திரி மச்சான் போன் செய்து, "மாப்ள, சித்திரைத் திருவிழாவுக்கு தல்லாகுளம் பக்கம் மூணு நாள் ஜிகர்தண்டா போடலாம்னு இருக்கேன். பெரிய ஸ்டாலா போடவா, தள்ளுவண்டியோட நிறுத்திக்கவா? நீதான் கணக்குப் படிச்சவன், சொல்லு" என்றார். அச்சகத்தில் கணக்கு எழுதுகிறவனைப் பார்த்துக் கேட்கிற கேள்வியா இது? ஆனாலும் அஞ்சல் வழியில் எம்.பி.ஏ. படித்தபோது டிசிஷன் ட்ரீ (முடிவு மரம்), கேம் தியரி (எதிராளியும் யோசித்து ஆடும்போது போடுகிற கணக்கு) என்று இரண்டு பாடம் இருந்தது நினைவுக்கு வந்தது. தேதித்தாளைக் கிழித்துப் பின்பக்கம் வரைந்தேன், தப்பாக வரைந்தேன். எங்கே தப்பு நடந்தது என்று புரிய ஒரு திருவிழாவே முடிந்துபோனது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

படி 1: கட்டமும் வட்டமும்

நீங்கள் முடிவு எடுக்கும் இடத்தில் கட்டம், உங்கள் கையில் இல்லாதது நடக்கும் இடத்தில் வட்டம். கிளை முடியும் இடத்தில் பணம். இவ்வளவுதான் இலக்கணம். இடமிருந்து வலமாக, எது முதலில் தெரியவருகிறதோ அந்த வரிசையில் வரையுங்கள். ஸ்டால் இடத்துக்கு முன்பணம் கட்டுவது முதலில், மழை பிறகு. இதை மாற்றிப் போட்டால், மழை வருமா என்று தெரிந்துகொண்டு கடை போடுகிற மாதிரி கணக்கு வந்துவிடும். அப்படி ஒரு வசதி இருந்தால் எல்லோருமே பணக்காரர்தான்.

படி 2: நுனியில் பணம்

பெரிய ஸ்டால் போட்டு வானம் சுத்தமாக இருந்தால் 40,000 லாபம், சாயங்கால மழை பிடித்தால் வாடகையும் வீணான பாலும் சேர்ந்து 15,000 நஷ்டம். தள்ளுவண்டி என்றால் மழை இல்லாமல் 18,000, மழையிலும் எப்படியோ 2,000 தேறும். எல்லாம் செலவு போக நிற்கிற தொகை. மூன்றாவது கிளை, வீட்டிலேயே இருப்பது: பூஜ்யம். இந்தக் கிளையைத்தான் எல்லோரும் வரைய மறக்கிறார்கள்.

படி 3: மழைக்கு எத்தனை சதவீதம்?

மச்சானின் சித்தப்பா அதே பகுதியில் மோர்க்கடை போட்டவர். அவருடைய பழைய கணக்கு நோட்டில் 10 வருடத்தில் 3 வருடம் கோடை மழை கெடுத்திருந்தது. சரி, 30 சதவீதம் என்று போட்டேன்.

பெரிய ஸ்டால்: 40,000-இல் 70 சதவீதம் 28,000. அதிலிருந்து 15,000-இல் 30 சதவீதமான 4,500-ஐக் கழித்தால் 23,500. தள்ளுவண்டி: 12,600-உம் 600-உம் சேர்ந்து 13,200. இதைத்தான் எதிர்பார்ப்பு மதிப்பு என்கிறார்கள்.

"30 சதவீதம் என்று எப்படி அவ்வளவு நிச்சயமாகச் சொல்கிறாய்?" என்று மச்சான் கேட்டார். நிச்சயமாகத் தெரிய வேண்டியதே இல்லை. எந்த சதவீதத்தில் இரண்டு கிளையும் சமமாகிறது என்று பார்த்தால் போதும். போட்டுப் பார்த்தேன், சுமார் 56 வந்தது. அதாவது மழை வாய்ப்பு 56 சதவீதத்தைத் தாண்டாதவரை பெரிய ஸ்டால்தான் மேல். 30-ஆ 35-ஆ என்று சண்டை போட்டு நேரத்தை வீணாக்கவேண்டாம்.

படி 4: நான் விழுந்த பள்ளம்

இங்கே கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள். எங்கள் இடத்துக்கு நேர் எதிரே வருடா வருடம் ஜிகர்தண்டா போடுகிற அண்ணாச்சி ஒருவர் உண்டு. கிளாஸ் 60 ரூபாய். பெரிய ஸ்டால் பேச்சு எப்படியோ அவர் காதுக்குப் போய், "அவன் மட்டும் வரட்டும், நான் 40-க்குக் குடுத்துடுவேன்" என்று டீக்கடையில் சொல்லியிருக்கிறார். மச்சான் ஆடிப்போனார். அவர் 40-க்குக் கொடுத்தால் நாங்களும் கொஞ்சம் இறங்க வேண்டிவரும். நல்ல வெயிலிலும் 12,000-தான் மிஞ்சும், மழை வந்தால் 20,000 போகும். அந்தப் பக்கத்தின் மதிப்பு வெறும் 2,400.

நான் என்ன செய்தேன்? மழைக்கு வட்டம் போட்ட அதே கையோடு அண்ணாச்சிக்கும் ஒரு வட்டம் போட்டு, குறைப்பார் 50, குறைக்கமாட்டார் 50 என்று எழுதினேன். 23,500-க்கும் 2,400-க்கும் சராசரி 12,950. தள்ளுவண்டியோ 13,200. "பார், வண்டிதான் சரி" என்று பெருமையாகச் சொல்லிவிட்டேன்.

அண்ணாச்சி விலையைக் குறைக்கவே இல்லை, மழையும் வரவில்லை. இரண்டாம் நாள் ராத்திரி ஒன்பது மணிக்கே எங்கள் வண்டியில் பால் தீர்ந்து, கூட்டம் மொத்தமும் எதிரே நகர்ந்தது. கையில் கரண்டியோடு மச்சான் என்னைப் பார்த்த பார்வை இன்னும் மறக்கவில்லை.

மழை நாம் எந்த ஸ்டால் போட்டோம் என்று பார்த்துவிட்டு வருவதில்லை. அண்ணாச்சி பார்க்கிறார், அப்புறம் தனக்கு எது லாபமோ அதைச் செய்கிறார். யோசிக்கிற ஆளுக்கு வட்டம் போடக்கூடாது, கட்டம் போட வேண்டும். அது அவருடைய கட்டம், அவ்வளவுதான் வித்தியாசம். நான் சிவப்புப் பேனாவில் போடுகிறேன். சிவப்புக் கட்டம் வந்துவிட்டால் கிளை நுனியில் இரண்டு தொகை எழுத வேண்டும்: நமக்கு எவ்வளவு, அவருக்கு எவ்வளவு.

அவர் கணக்கைப் போட்டுப் பார்ப்போம். பால், நன்னாரி சர்பத், கடல்பாசி, ஐஸ்கிரீம் எல்லாம் சேர்த்து கிளாஸுக்கு 35 ரூபாய் அடக்கம் என்று வையுங்கள். 60-க்கு விற்றால் 25 நிற்கும், 40-க்கு விற்றால் 5. நாங்கள் பெரிய ஸ்டால் போட்ட பிறகும் மூன்று நாளில் அவருக்கு 800 கிளாஸ் ஓடும், அதாவது 20,000. அதே 20,000-ஐ 40 ரூபாய் விலையில் எடுக்க 4,000 கிளாஸ் ஓட வேண்டும். அவரும் ஒரு பையனும் சேர்ந்து நாளைக்கு 500 போட்டாலே கை ஓய்ந்துவிடும். 1,500 கிளாஸுக்கு 7,500 ரூபாய். 20,000-ஐ விட்டுவிட்டு 7,500-க்குப் போகிற அளவுக்கு அவர் ஏமாளியா?

ஆக, நாம் ஸ்டால் போடும்வரைதான் அந்த மிரட்டலுக்கு உயிர். போட்ட பிறகு அதை நிறைவேற்றினால் அவருக்கே நஷ்டம். இப்படிப்பட்ட வெற்று மிரட்டல்களைக் கணக்கிலிருந்து கழித்துவிடும் முறையை ஜெர்மன் பொருளியலாளர் ரைன்ஹார்ட் செல்ட்டன் 1965-இல் எழுதினார். 1994-இல் நாஷ், ஹர்சானி ஆகியோரோடு சேர்ந்து பொருளியலுக்கான நோபல் பரிசு வாங்கியவர் அவர்.

படி 5: வலமிருந்து இடமாகச் சுருட்டுவது

வரைவது இடமிருந்து, கணக்கு வலமிருந்து. வட்டம் வந்தால் படி 3-இல் செய்த மாதிரி சதவீதப்படி சராசரி. சிவப்புக் கட்டம் வந்தால் அவருக்கு எது அதிகமோ அந்தக் கிளையை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை அடித்துவிடுங்கள். நம் கட்டம் வந்தால் நமக்கு அதிகமானது. எங்கள் மரத்தில் 2,400 கிளை அடிபட்டுப்போகிறது, மிஞ்சுவது 23,500. பெரிய ஸ்டால் போட்டிருக்க வேண்டும்.

எதில் வரைவது? முதல் மரத்தைத் தாளில்தான் வரைய வேண்டும், இதில் எனக்கு சமரசமே கிடையாது. எண்களை மாற்றி மாற்றிப் பார்க்க லிப்ரே ஆபீஸ் கால்க் என்ற விரிதாள் போதும். பிரவுசரிலேயே வரைய சில்வர் டிசிஷன்ஸ் என்ற இலவசக் கருவி உண்டு, ஆனால் சிவப்புக் கட்டம் வந்தால் அது ஒத்துவராது. நிஜமாகவே பல பேர் மாறி மாறி ஆடுகிற சிக்கல் என்றால் கேம்பிட், அதுவும் இலவசம். ஜிகர்தண்டாவுக்கு அது தேவையில்லை.

பின்சேர்க்கை: கருத்துப்பெட்டியில் வந்தவை

"எதிராளி எப்போதும் நமக்கு மோசமானதைத்தான் செய்வான் என்று வைத்துக்கொள்வதுதானே பாதுகாப்பு?" என்று ஒருவர் கேட்டிருந்தார். செஸ்ஸில் சரி. அவன் ஜெயித்தால் நமக்குத் தோல்வி, வேறு வழியில்லை. கணிதவியலாளர் ஃபான் நாய்மன் 1928-இல் நிரூபித்த மினிமேக்ஸ் (எதிராளி செய்யக்கூடிய மோசமானதிலும் நமக்கு நல்லதாக முடிகிற வழியைப் பிடிப்பது) அந்த மாதிரி ஆட்டங்களுக்குத்தான். அண்ணாச்சி எங்களைக் கெடுக்க வரவில்லை, சம்பாதிக்க வந்திருக்கிறார்.

"காசு வட்டிக்கு வாங்கியது என்றால்?" நல்ல கேள்வி, நான் எழுத மறந்தது. இல்லாதவனுக்கு 15,000 போவதும் இருப்பவனுக்கு 15,000 போவதும் ஒன்றல்ல என்பதை டேனியல் பெர்னூலி 1738-லேயே சொல்லிவிட்டார். அவருடைய மடக்கை வாய்பாடு எல்லாம் நமக்கு வேண்டாம். நஷ்டத் தொகையை மட்டும் இரண்டால், மூன்றால் பெருக்கிப் பாருங்கள். எங்கள் கணக்கில் மூன்று மடங்கு வலித்தாலும் பெரிய ஸ்டாலுக்கு 14,500 நிற்கிறது. நான்கு மடங்கு என்றால் 10,000, அப்போது தள்ளுவண்டிதான்.

இன்னொருவர் என்னை மடக்கிவிட்டார்: "அண்ணாச்சி வருடா வருடம் வருகிறவர். ஒரு வருடம் நஷ்டப்பட்டாவது உங்களை விரட்டினால் அடுத்த வருடம் வேறு யாரும் வரமாட்டார்களே?" உண்மைதான், படி 4-இல் நான் ஒரே ஒரு திருவிழாவைத்தான் பார்த்தேன். இதே சிக்கலை செல்ட்டன் 1978-இல் எடுத்தார். 20 ஊரில் கிளை வைத்திருக்கும் ஒரு கடை, ஊருக்கு ஒரு புதுப் போட்டியாளர். கடைசி ஊரிலிருந்து சுருட்டிக்கொண்டு வந்தால் எந்த ஊரிலும் விலையுத்தம் நடக்கக்கூடாது என்று கணக்கு சொல்கிறது. ஆனால் அந்தக் கடைக்காரர் இடத்தில் தான் இருந்தால் மிரட்டிப் பார்க்கும் வழியைத்தான் எடுப்பேன் என்று செல்ட்டனே ஒப்புக்கொண்டார். அதனால் எதிராளி அதே இடத்தில் பல வருடம் இருக்கப்போகிறவர் என்றால், அவருடைய தொகையோடு அடுத்த வருடங்களின் லாபத்தையும் சேர்த்து எழுதிப் பாருங்கள். எங்கள் அண்ணாச்சிக்கு வயது 70-ஐத் தாண்டிவிட்டது, மகன் சென்னையில் வேலையில் இருக்கிறான். நான் சேர்க்கவில்லை.

மறுபடி ஒரு பின்சேர்க்கை, அடுத்த வருடம்

பெரிய ஸ்டால் போட்டோம். அண்ணாச்சி 60-லேயே நின்றார். சாயங்காலம் ஐந்து மணிக்கு மழை பிடித்தது, மறுநாளும் விடவில்லை. 15,000 போனது. "உன் மரம் சரியில்லை" என்று மச்சான் இரண்டு வாரம் பேசவில்லை. சித்தப்பா நோட்டில் இந்த இரண்டு வருடத்தையும் சேர்த்து மறுபடி போட்டேன், இப்போது 12-க்கு 4. பெரிய ஸ்டால் 21,667, தள்ளுவண்டி 12,667. இன்னமும் பெரிய ஸ்டால்தான். காட்டியதும் மச்சான் தாளை வெகுநேரம் பார்த்துவிட்டு, மழை வட்டத்துக்கு முன்னால் பேனாவால் இன்னொரு கட்டம் போட்டார். "தார்ப்பாய்க்கு ஒரு கிளை விட்டுட்டியே மாப்ள." வாடகை எவ்வளவு என்று விசாரிக்கப் போயிருக்கிறார், வந்ததும் எண்ணைப் போடுகிறேன்.