இங்கிலாந்தின் ஊர் வரலாற்றைத் தேடுவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

வட இங்கிலாந்தில் நான் வசிக்கும் ஊரின் நூலகத்தில், மாதம் ஒரு சனிக்கிழமை, வட்டார வரலாற்றில் நாட்டமுள்ளவர்கள் கூடிப் பழைய ஆவணங்களைப் படித்துப் பழகுகிறோம். சென்ற மாதம் புதிதாகச் சேர்ந்த ஓர் இளைஞர், எட்டு மாதங்களாகத் தாம் தொகுத்த குறிப்பேட்டைக் கொண்டுவந்து காட்டினார். தெளிவான கையெழுத்தும் கட்டம் போட்ட அட்டவணைகளும் அவருடைய உழைப்பைச் சொல்லின. இரண்டாம் பக்கத்தைப் புரட்டியதும் எனக்கு நெஞ்சு கனத்தது. பதினாறு ஆண்டுகளுக்கு முன் நான் எந்தத் தவறைச் செய்து இரண்டு குளிர்கால உழைப்பை இழந்தேனோ, அதையே அவரும் செய்திருந்தார்.

பழைய கையெழுத்தைப் பிழையாக வாசிப்பது, ஊர்ப்பெயரின் எழுத்துகள் காலந்தோறும் மாறுவதைக் கவனியாமல் விடுவது போன்றவற்றை எல்லாக் கையேடுகளும் எச்சரிக்கின்றன. ஆகவே அவற்றை இங்கே எழுதவில்லை.

ஒரே பெயர் ஒரே இடத்தைக் குறிக்கும் என்று நம்புவது

பாரிஷ் என்பது ஒரு தேவாலயத்தின் ஆளுகைக்கு உட்பட்ட பகுதி. தமிழ்க் கத்தோலிக்கர்கள் அதைப் பங்கு என்பார்கள். தென்னிங்கிலாந்தின் பல பகுதிகளில் ஒரு பாரிஷ் ஏறக்குறைய ஒரு கிராமமாகவே அமைந்திருந்தது. வடக்கில் நிலைமை வேறு. லங்காஷயரின் வாலி என்ற பழைய பாரிஷில் 40க்கும் மேற்பட்ட டவுன்ஷிப்புகள் இருந்தன. இன்று தனி நகரங்களாக இருக்கும் பர்ன்லி, கோல்ன், அக்ரிங்டன், கிளித்தரோ ஆகியவை அதற்குள்தான் அடங்கியிருந்தன. யார்க்ஷயரின் ஹாலிஃபாக்ஸ் பாரிஷிலும் 20க்கும் மேற்பட்ட டவுன்ஷிப்புகள் உண்டு. டவுன்ஷிப் என்றதும் தொழிற்சாலை ஊழியர் குடியிருப்பு நம் நினைவுக்கு வரும். இங்கே அச்சொல் பாரிஷின் உட்பிரிவான ஒரு சிற்றூரையும் அதன் நிலத்தையும் குறிக்கிறது. தலைமைத் தேவாலயம் நிற்கும் டவுன்ஷிப்புக்கும் முழுப் பாரிஷுக்கும் பெயர் ஒன்றே என்பதுதான் சிக்கலின் வேர்.

நான் எடுத்துக்கொண்டதும் அத்தகைய ஓர் ஊர்தான். 1790 முதல் 1800 வரையிலான அடக்கப் பதிவுகளைத் தேவாலயப் பதிவேட்டிலிருந்து ஒவ்வொன்றாக எண்ணினேன். நேரில் பார்க்க முடியாத பக்கங்களுக்குப் பணம் கட்டி நகல்களை வரவழைத்தேன். பிறகு 1801ஆம் ஆண்டின் முதல் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அந்த ஊர்ப்பெயருக்கு நேரே இருந்த எண்ணை எடுத்து வகுத்துப் பார்த்தபோது, ஆண்டுதோறும் பத்துப் பேரில் ஒருவர் இறந்ததாக விடை வந்தது. ஒரு பேரழிவைக் கண்டுபிடித்துவிட்டதாகவே நினைத்தேன். பஞ்சாலைகளின் வருகை, கொள்ளை நோய், உணவுப் பஞ்சம் என்று காரணங்களை அடுக்கிப் பதினான்கு பக்கக் கட்டுரை ஒன்றை எழுதி ஒரு வரலாற்றுக் கழகத்தின் இதழுக்கு அனுப்பினேன். “அடக்கங்கள் முழுப் பாரிஷுக்கும் உரியவை, மக்கள்தொகை எந்த எல்லைக்கு உரியது?” என்ற ஒரே கேள்வியுடன் கட்டுரை திரும்பி வந்தது. லங்காஷயரின் 1801 கணக்கு டவுன்ஷிப் வாரியாகத் தரப்பட்டிருந்தது. பத்துக்கும் மேற்பட்ட ஊர்களின் இறப்புகளை ஓர் ஊரின் மக்கள்மீது நான் ஏற்றியிருந்தேன். அந்த ஊரில் கொள்ளை நோய் எதுவும் வரவில்லை.

இன்றும் இத்தவறு என்னை வருத்துவதற்குக் காரணம், இது வெளியே தெரியாமல் இருப்பதுதான். கூட்டலும் வகுத்தலும் சரியாகவே இருக்கும். பதிவேட்டைப் படித்ததில் பிழை இருக்காது. மேற்கோள்களும் ஒழுங்காக இருக்கும். வகுக்கப்படும் எண்ணும் வகுக்கும் எண்ணும் வெவ்வேறு நிலப்பரப்புகளைச் சேர்ந்தவை என்பது மட்டும் எங்கும் எழுதப்பட்டிராது.

சிக்கல் இத்துடன் முடிவதில்லை. பெரிய பாரிஷ்களில் தொலைவில் வாழ்ந்தவர்களுக்காகச் சிற்றாலயங்கள் இருந்தன; பர்ன்லி, கோல்ன் போன்றவை தமக்கெனத் தனிப் பதிவேடுகளை வைத்திருந்தன. எனவே தலைமைத் தேவாலயத்தின் பதிவேடு முழுப் பாரிஷையும் காட்டாது, டவுன்ஷிப்பை மட்டும் காட்டுவதாகவும் கொள்ள முடியாது. வடக்கின் பாரிஷ்கள் மிகப் பெரியவை என்பதால், ஏழைகளுக்கான உதவியை டவுன்ஷிப்புகளே தனித்து நடத்தலாம் என்று 1662ஆம் ஆண்டின் சட்டம் அனுமதித்தது. ஆகவே ஏழைகள் மேற்பார்வையாளர்களின் கணக்கேடுகள் அங்கே டவுன்ஷிப் வாரியாகக் கிடைக்கின்றன. நிலக்கிழார் நீதிமன்றத்தின் சுருள்களோ மேனர் என்னும் நிலவுடைமை அலகைச் சேர்ந்தவை. ஒரு மேனர் பல ஊர்களில் பரவியிருக்கலாம். ஓர் ஊருக்குள் இரண்டு மூன்று மேனர்களும் இருக்கலாம். 1837இல் தொடங்கிய அரசுப் பிறப்பு இறப்புப் பதிவு, இவை எதையும் பின்பற்றாமல், ஏழைகளுக்கான உதவிக்காகப் பல பாரிஷ்களைச் சேர்த்து அமைத்த புதிய ஏழைச் சட்ட ஒன்றியங்களை ஒட்டி வகுக்கப்பட்ட பதிவு மாவட்டங்களைப் பின்பற்றியது. அவற்றுள் சில, லங்காஷயர், யார்க்ஷயர் போன்ற கவுண்டி என்னும் பெரும் நிர்வாகப் பிரிவுகளின் எல்லைகளையும் தாண்டின. 1866ஆம் ஆண்டின் சட்டமோ, ஏழை வரியைத் தனியாக விதித்த ஒவ்வோர் இடத்துக்கும் பாரிஷ் என்ற பெயரையே கொடுத்துவிட்டது. அதுவரை டவுன்ஷிப் எனப்பட்டது அதன்பின் அரசு அட்டவணைகளில் பாரிஷ் ஆகிவிடுவதால், 1861இன் எண்ணையும் 1871இன் எண்ணையும் பக்கத்தில் வைத்துப் படிப்பவர் நின்று நிதானித்தே படிக்க வேண்டும்.

ஆகவே, புதிதாக வருபவர்களிடம் எந்த நூலையும் திறப்பதற்கு முன் குறிப்பேட்டின் முதல் பக்கத்தில் தம் ஊர் எந்தப் பாரிஷ், எந்தச் சிற்றாலயம், எந்த டவுன்ஷிப், எந்த மேனர், எந்தப் பதிவு மாவட்டம் என்பதை ஆண்டுகளுடன் எழுதச் சொல்கிறேன். இதற்கு ஃபிரெடெரிக் யங்ஸ் தொகுத்த இங்கிலாந்தின் உள்ளாட்சி அலகுகள் வழிகாட்டி, 1979இலும் 1991இலும் வெளியான இரண்டு தொகுதிகள், மிகவும் உதவும். லங்காஷயருக்கும் யார்க்ஷயருக்கும் 1840களிலும் 1850களிலும் அரசின் நில அளவைத் துறையான ஆர்ட்னன்ஸ் சர்வே வெளியிட்ட, ஒரு மைலுக்கு ஆறு அங்குல அளவுள்ள வரைபடங்களில் டவுன்ஷிப் எல்லைகள் குறிக்கப்பட்டுள்ளன. ஸ்காட்லாந்து தேசிய நூலகத்தின் இணையதளத்தில் அவற்றை இலவசமாகப் பார்க்கலாம். அந்த இளைஞரும் நானும் அன்று மாலை முழுவதும் அப்படியொரு வரைபடத்தின் முன் உட்கார்ந்து எல்லைக்கோட்டைப் பென்சிலால் நகலெடுத்தோம்.

விக்டோரியா கவுண்டி வரலாற்றில் எல்லாம் இருக்கும் என்று எண்ணுவது

இங்கிலாந்தின் கவுண்டிகளின் வரலாற்றை ஊர்வாரியாகச் சொல்ல 1899இல் தொடங்கப்பட்டு இன்றும் எழுதப்பட்டுவரும் இந்தச் சிவப்பு அட்டைத் தொகுதிகளை நான் உயர்வாக மதிக்கிறேன். ஓர் ஊரைப் பற்றி முதலில் தேட வேண்டிய இடம் அதுவே. பல தொகுதிகளை பிரிட்டிஷ் ஹிஸ்டரி ஆன்லைன் தளத்திலும் படிக்கலாம். ஆனால் தொகுதி வெளியான ஆண்டைப் பார்க்காமல் படிக்கக் கூடாது. முதல் உலகப் போருக்கு முன் வெளியான தொகுதிகள் மேனர்களின் உரிமை கைமாறிய வரிசையையும் தேவாலயக் கட்டடங்களையும் விரிவாகச் சொல்லும். அந்நிலத்தில் உழுதவர்களையும் நெய்தவர்களையும் பற்றி மிகக் குறைவாகவே பேசும். ஒரு புதியவர், தம் ஊரில் நெசவாளர்கள் இருந்ததில்லை என்று அந்த மௌனத்தை வைத்தே எழுதிவிட்டார். எல்லாக் கவுண்டிகளும் எழுதி முடிக்கப்படவுமில்லை. யார்க்ஷயரின் பழைய உட்பிரிவுகளில் ஒன்றான மேற்கு ரைடிங்குக்கு ஊர்வாரித் தொகுதிகள் இல்லை; நார்தம்பர்லாந்துக்கு 1893 முதல் 1940 வரை வெளியான 15 தொகுதிகள் கொண்ட வேறொரு வரிசையைத்தான் நாட வேண்டும். வேலியும் பாதையும் வயல்வரப்பும்கூட ஆவணங்களே என்று உணர விரும்புவோர், டபிள்யூ. ஜி. ஹாஸ்கின்ஸ் 1955இல் ஆங்கிலேய நிலக்காட்சியின் உருவாக்கம் பற்றி எழுதிய நூலையும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

ஜனவரி முதல் மார்ச் வரையிலான தேதிகள்

இங்கிலாந்தில் 1752க்கு முன் சட்டப்படி புத்தாண்டு மார்ச் 25ஆம் நாள் பிறந்தது. முதலாம் சார்லஸ் மன்னர் தலை துண்டிக்கப்பட்ட நாளை நாம் 1649 ஜனவரி 30 என்கிறோம். அக்கால ஆவணங்கள் 1648 என்றே எழுதும். 1648 மே மாதம் மணந்த தம்பதியின் குழந்தைக்கு 1648 பிப்ரவரியில் திருமுழுக்கு என்று பதிவேட்டில் இருந்தால், குழந்தை திருமணத்துக்குப் பிறகுதான் பிறந்தது. அந்தத் தாயைப் பற்றித் தவறாக எழுதப்பட்டதை நான் படித்திருக்கிறேன். பதிவேடுகளைப் பிற்காலத்தில் அச்சிட்டவர்களில் சிலர் ஆண்டைத் திருத்தினார்கள், சிலர் அப்படியே விட்டார்கள்; முன்னுரையைப் படிக்காமல் அது தெரியாது. குவேக்கர் என்னும் கிறிஸ்தவப் பிரிவினரின் ஆவணங்களில் 1752க்கு முன் “முதல் மாதம்” என்பது மார்ச்.

டூம்ஸ்டே நூலை ஊரின் பிறப்புச் சான்றாகக் கொள்வது

1086இல் மன்னர் ஆணையால் எடுக்கப்பட்ட நிலக் கணக்கெடுப்பு நூல் இது. ஊர் அப்போது இருந்தது என்பதற்கு மட்டுமே அது சான்று. அதில் பெயர் இல்லாததால் ஊரே இல்லை என்றும் ஆகாது, லண்டனுக்கே அதில் விவரம் இல்லை.

பழைய வணிக டைரக்டரிகள்

ஊரின் வணிகர்களையும் தொழில் செய்வோரையும் பட்டியலிடும் அவை ஏழைகளின் பெயர்களைச் சேர்ப்பதில்லை.

இன்றைய வரைபடத்தை வைத்து ஆவணக் காப்பகத்தைத் தேர்ந்தெடுப்பது

1974 ஏப்ரல் 1ஆம் நாள் கவுண்டி எல்லைகள் பெரிதும் மாற்றப்பட்டன. அபிங்டனும் வான்டேஜும் அன்று பார்க்ஷயரிலிருந்து ஆக்ஸ்ஃபோர்டுஷயருக்குச் சென்றன. அவற்றின் பழைய பாரிஷ் பதிவேடுகளுக்கு இன்றும் ரெடிங்கில் உள்ள பார்க்ஷயர் காப்பகத்தையே நாட வேண்டும். சாடில்வொர்த் இதைவிடச் சிக்கலானது. அது யார்க்ஷயரின் மேற்கு ரைடிங்கில் இருந்தது, ஆனால் லங்காஷயரின் ரோச்டேல் பாரிஷைச் சேர்ந்த சிற்றாலயப் பகுதி. 1974 முதல் கிரேட்டர் மான்செஸ்டரில், ஓல்டமின் கீழ் இருக்கிறது. 1858 ஜனவரி 12க்கு முன் உயில்கள் திருச்சபை நீதிமன்றங்களில்தான் மெய்ப்பிக்கப்பட்டன. ரோச்டேல் பாரிஷோ 1541 முதல் செஸ்டர் ஆயரின் ஆளுகைப் பகுதியான செஸ்டர் மறைமாவட்டத்தில் இருந்தது. ஆகவே சாடில்வொர்த் நெசவாளர் ஒருவரின் 1740ஆம் ஆண்டு உயிலை, யார்க்ஷயர்க்காரர் என்பதற்காக யார்க் நகரில் தேடத் தொடங்குபவர், முதலில் செஸ்டரின் பட்டியலைப் பார்க்க வேண்டும்.