நில எடுப்பு இழப்பீடு: கோளாறு சராசரியில் இருந்தது

என் நிலத்தை அரசு எடுத்தபோது, பக்கத்து நிலங்களின் 12 கிரயப் பத்திரங்களின் விலையையும் கூட்டி 12-ஆல் வகுத்து, அதையே சந்தை மதிப்பு என்று போட்டிருந்தார்கள். 2013 நில எடுப்புச் சட்டத்தின் 26-ஆம் பிரிவுப்படி, முந்தைய 3 ஆண்டுப் பத்திரங்களில் விலை கூடுதலான பாதிக்கு மட்டுமே சராசரி. அது வழிகாட்டி மதிப்பைத் தாண்டினால் அதுவே அடிப்படை.

சார்பதிவாளர் அலுவலகத்தில் நகல் மனுப் போட்டு எல்லாப் பத்திரத்தையும் வாங்கி, சென்ட் விலைப்படி வரிசையாக்கி, மேல் 6-ஐ மட்டும் கூட்டி வகுத்தேன். கூடுதல் இழப்பீடு கேட்டுப் போடும் 64-ஆம் பிரிவு மனுவோடு இணைத்த அந்த ஒற்றைத்தாள்தான் கைகொடுத்தது.

சந்தை மதிப்பைக் கிராமப்புறத்துக்கான காரணியால் (1 முதல் 2 வரை) பெருக்கி, கிணறு, மரங்களின் மதிப்பைச் சேர்க்க வேண்டும். அந்த மொத்தத்துக்கும் 100% ஆறுதல் தொகை உண்டு. நிலத்துக்கு மட்டும் போட்டிருக்கிறதா என்று பாருங்கள். ஆண்டுக்கு 12% கூடுதல் தொகையோ சந்தை மதிப்புக்கு மட்டும்தான். தென்னையை மொத்தமாக எழுத விடாதீர்கள். காய்க்கும் மரம் வேறு, கன்று வேறு.

பணம் வாங்கும்போது ரசீதில் ‘ஆட்சேபணையுடன் பெற்றேன்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். அது இல்லையென்றால் மனுவே நிற்காது. அவார்டு (இழப்பீட்டு உத்தரவு) போடும்போது நேரில் இருந்தவருக்கு மனுப் போடக் கெடு, அந்தத் தேதியிலிருந்து 6 வாரம். தேசிய நெடுஞ்சாலைக்கு எடுத்த நிலமென்றால் மனு நடுவரிடம் போகும்.